மூன்றாவது பெண்ணின் சுண்டுவிரல்

போன வாரம் குளியலறை வாசலில் வழுக்கி விழுந்த அம்மாவுக்கு இடுப்பில் கம்பி வைத்தாகிவிட்டது. ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று டாக்டர் சொன்னார். அம்மா கண் விழித்ததும் கேட்டது ஒரே கேள்விதான்.

"அப்பாவை யார் பாத்துக்கறாங்க?"

அண்ணன் பார்த்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தான். காலை ஏழு மணிக்கு வரவேண்டியவன், ஏழே காலுக்குப் போன் செய்தான்.

"கடையில ஆள் வரலை. இன்னிக்கு ஒரு நாள் நீயே சமாளிச்சுக்கோ."

"எனக்கு டூர் இருக்குண்ணா. ஆறு பேர் வேன்ல காத்துக்கிட்டிருப்பாங்க."

"அப்போ அவரையும் ஏத்திக்கோ. மியூசியம்தானே? அவர் முப்பத்து நாலு வருஷம் குப்பை கொட்டின இடம்தானே?"

போனை வைத்துவிட்டான். படங்களுக்குச் சட்டம் போடும் கடை வைத்திருக்கிறான். சட்டத்துக்குள் அடங்காத எதுவும் அவனுக்குத் தொந்தரவுதான்.

வயது நாற்பத்திரண்டு ஆகியும் அவள் வீட்டில் சின்னவள்தான். சமயக் கலை அருங்காட்சியகங்களைச் சின்னக் குழுக்களுக்குச் சுற்றிக் காட்டுவது அவள் தொழில். பன்னிரண்டு வருடமாகச் செய்கிறாள். எட்டுப் பேருக்கு மேல் சேர்க்கமாட்டாள். கும்பலாகப் போனால் ஓவியத்தை விட்டுவிட்டு அடுத்தவர் முதுகைத்தான் பார்க்க முடியும் என்பாள்.

அப்பாவுக்கு முகம் வழித்துவிட்டாள். ஒரு துளை தள்ளிப் போட்டிருந்த சட்டைப் பொத்தான்களைக் கழற்றிச் சரியாகப் போட்டாள். அவர் கையைப் பிடித்து வேனுக்கு அழைத்துப் போனாள்.

"இவர் என் அப்பா. இங்கதான் பழைய ஓவியங்களைச் செப்பனிடற வேலையில இருந்தார். இப்போ கொஞ்சம் மறதி. இன்னிக்கு நம்மகூட வருவார்."

"மறதிதானே? எனக்கும்தான்" என்றார் பல் டாக்டர். "காலையில எந்தப் பல்லைப் பிடுங்கினேன்னு சாயந்திரம் கேட்டா திருதிருன்னு முழிப்பேன்."

டாக்டரின் மனைவி சிரித்தாள். ஓய்வுபெற்ற டீச்சர் சகோதரிகள் இருவரும் சிரித்தார்கள். கழுத்தில் கேமராவோடு இருந்த நில அளவையரும் சிரித்தார். கடைசி இருக்கையில் தனியாக இருந்த தையல்கார அம்மா மட்டும் சிரிக்கவில்லை. அறுபதைத் தாண்டிய வயது. சட்டை ஓரத்தில் இரண்டு ஊசிகள் குத்தியிருந்தன, எடுக்க மறந்திருப்பார். டூருக்குப் பேர் கொடுக்கும்போது அவர் கேட்டது ஒன்றுதான்: "துக்கப் பலகை ஓவியத்துக்குப் பக்கத்துல போய் நிக்க விடுவாங்களா?"

அப்பாவைப் பார்த்ததும் அவர் எழுந்து நகர்ந்தார்.

"ஜன்னல் பக்கம் உட்காருங்க."

"எந்த ஊரு?" என்று கேட்டார் அப்பா.

"இந்த ஊர்தான்."

இரண்டு சிக்னல் தாண்டியதும் அப்பா மறுபடி கேட்டார். "எந்த ஊரு?"

"இந்த ஊர்தான்" என்றார் தையல்கார அம்மா, முதல் தடவை சொல்வதுபோலவே.

முதல் அருங்காட்சியகத்தில் எந்தச் சிக்கலும் இல்லை. மூக்குடைந்த கற்சிலைகளுக்கு நடுவே அப்பா சமர்த்தாக நடந்தார். ஒரே ஒரு தூணை மட்டும் தடவிப் பார்த்தார். காவலர் "தொடக்கூடாது சார்" என்றதும், "தொட்டுத்தானேப்பா எனக்குச் சம்பளம்" என்றார். டீச்சர் சகோதரிகளில் மூத்தவருக்கு அவரை ரொம்பப் பிடித்துவிட்டது.

இரண்டாவது இடம்தான் அப்பா வேலை பார்த்த அருங்காட்சியகம்.

உள்ளே நுழைந்ததும் அவர் நடையே மாறியது. கூன் நிமிர்ந்தது. டிக்கெட் வாங்கும் இடத்தைத் தாண்டி, பணியாளர் படிக்கட்டை நோக்கி விறுவிறுவென்று போனார். சின்னவள் ஓடிப்போய்க் கையைப் பிடித்தாள்.

"வேலை கிடக்கும்மா" என்றார்.

"இன்னிக்கு லீவுப்பா."

"லீவா? யாரும் சொல்லவே இல்லையே."

துக்கப் பலகை இருக்கும் அறை சின்னது. ஒரு நேரத்தில் பத்துப் பேருக்கு மேல் விடமாட்டார்கள். ஆள் உயரப் பலகை. நடுவில் உயிர் நீத்த ஒரு மகான் படுத்திருக்கிறார். அவரைச் சுற்றி ஏழு பெண்கள். முதல் பெண் மண்டியிட்டு அழுகிறாள், இரண்டாமவள் வாயைப் பொத்தியிருக்கிறாள், மூன்றாமவள் மகானின் பாதத்தைத் தொடுகிறாள். ஏழு பேர் தலைக்குப் பின்னாலும் தங்க ரேக்கு வட்டங்கள். ஐந்நூறு வருடப் பழசு என்று பக்கத்தில் எழுதியிருக்கிறது.

சின்னவள் வழக்கம்போல ஆரம்பித்தாள். மரம், சாயம், யார் செய்யச் சொன்னது, எத்தனை தீ விபத்துகளில் தப்பியது. கேட்பவர்களின் கண்கள் கனத்துப் போகும் நேரம் பார்த்து அவள் ஒரு கதை சொல்வாள். பன்னிரண்டு வருடமாகச் சொல்கிறாள். சிரிக்காத குழுவே கிடையாது.

"இவ்வளவு சோகத்துக்கு நடுவுல ஒரு தமாஷ் சொல்றேன். முப்பத்தோரு வருஷம் முன்னாடி இந்தப் பலகையைச் செப்பனிடக் கொண்டு போனாங்க. வேலை முடிஞ்சு திரும்பி வந்தப்போ, இங்க இருந்த ஸ்டோர் கீப்பர் ஒரு பக்கம் தூக்கிப் பார்த்துட்டு, 'பலகை இளைச்சுப் போச்சு, இது அந்தப் பலகையே இல்லை'ன்னு ஒரே ரகளை. மேலிடத்துக்கு நாலு பக்கம் புகார் எழுதிட்டார். விசாரிச்சா, மனுஷன் நல்ல போதை! அன்னியிலேருந்து அவருக்குத் 'தராசு'ன்னே பேர் வெச்சுட்டாங்க."

பல் டாக்டர் வாய்விட்டுச் சிரித்தார். "இளைச்சுப் போச்சாமா! நம்ம வீட்டுல அப்படி யாரும் இளைக்க மாட்டேங்கறாங்களே" என்று மனைவியைப் பார்த்தார். மனைவி அவர் தோளில் ஒன்று வைத்தாள்.

"அவன் குடிக்கலை."

சொன்னது அப்பா. பலகையைப் பார்த்தபடியே சொன்னார்.

"அப்பா..."

"தராசு குடிக்கவே மாட்டான். அவன் சொன்னது சரிதான்மா. எடை குறைஞ்சுதான் இருந்துச்சு. சாயத்துல யாரும் என்னைப் பிடிக்க முடியாது. ரேக்குலயும் முடியாது. மரம்தான் காலை வாரிடுச்சு. இடிச்ச வீட்டு அலமாரியோட முதுகுப் பலகை. உள்ளே பூச்சி அரிச்சிருந்துது. கையில தூக்கினவனுக்குத் தெரியாதா?"

டாக்டரின் மனைவி போனை உயர்த்திப் பிடித்திருந்தாள். எல்லாவற்றையும் படம் எடுப்பது அவள் பழக்கம்.

அப்பாவின் முகத்தில் வெட்கமோ பயமோ இல்லை. நல்ல வேலைக்காரன் தன் வேலையைக் காட்டும் சந்தோஷம்தான் இருந்தது.

"இந்த மூணாவது பொம்பளை கை இருக்கே, அது அசலை விட நல்லா வந்துடுச்சு. அசல்ல கட்டை மாதிரி இருக்கும். சுண்டுவிரலைப் பாரு. உங்கம்மா விரல்."

சின்னவள் பார்த்தாள். இந்தப் பலகைக்கு முன்னால் ஆயிரம் தடவையாவது நின்றிருப்பாள். மகானின் பாதத்தைத் தொடும் அந்தக் கையில் சுண்டுவிரலின் மேல் கணு மட்டும் உள்பக்கமாக மடங்கியிருந்தது. கதவிடுக்கில் நசுங்கி, சரியாகக் கூடாமல் போன விரல். நேற்று ஆஸ்பத்திரியில் அந்த விரலைத்தான் அவள் பிடித்துக்கொண்டிருந்தாள்.



"மேடம், நிஜமாவா?" என்றார் நில அளவையர்.

ஆறு முகங்கள் அவளையே பார்த்தன. ஒரு மூச்சு விடும் நேரம்தான் கிடைத்தது. அதற்குள் அவள் சிரித்துவிட்டாள். தொழில் பழக்கிக் கொடுத்த சிரிப்பு.

"இந்தப் பலகையைச் சுத்தம் பண்ணினது அப்பாதான். ரொம்ப நாள் அதோடவே இருந்ததால, தானே வரைஞ்சதா நினைச்சுக்கறார். இந்த வியாதி அப்படித்தான். வாங்க, அடுத்த அறை."

மூத்த டீச்சர் உச்சுக் கொட்டினார். "பாவம், எப்பேர்ப்பட்ட மனுஷன்."

எல்லோரும் நகர்ந்தார்கள். தையல்கார அம்மா மட்டும் பலகைக்கு மிக அருகில் போய் நின்று, மூன்றாவது பெண்ணின் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மதியச் சாப்பாட்டுக்கு முக்கால் மணி நேரம். அப்பாவை டீச்சர் சகோதரிகளுக்கு நடுவே உட்கார வைத்துவிட்டு, சின்னவள் முற்றத்து ஓரமாகப் போய் ஆஸ்பத்திரிக்குப் போன் செய்தாள்.

"அம்மா, துக்கப் பலகையில இருக்கற கை யாரோடது?"

மறுமுனையில் ஏதோ தள்ளுவண்டி உருளும் சத்தம் மட்டும் கேட்டது.

"சொல்லிட்டாரா?" என்றாள் அம்மா.

"அம்மா!"

"செப்பனிட வீட்டுக்குக் கொண்டு வந்த பலகையைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு, என்னைப் பத்தொன்பது நாள் உட்கார வெச்சார். கைப் பழக்கத்துக்குன்னு சொன்னார். நானும் நம்பினேன். அப்புறம் ஒரு ஞாயித்துக்கிழமை நம்மளை எல்லாம் மியூசியத்துக்குக் கூட்டிட்டுப் போனாரே, ஞாபகம் இருக்கா? அங்க என் கை சுவத்துல தொங்குது."

"ஏம்மா யார்கிட்டயும் சொல்லலை?"

"யார்கிட்டடி சொல்றது? நீ ஆறாவது படிக்கறே. உங்கண்ணன் பரீட்சைக்குப் படிக்கறான். அவரைப் பிடிச்சுக் கொடுத்துட்டு நான் உங்களை எங்க கூட்டிட்டுப் போறது?"

"அந்த ஸ்டோர் கீப்பர்..."

"அந்தாள் பேச்சை எடுக்காதே." அம்மாவின் குரல் கரகரத்தது. "அவர் போயிட்டார்னு சேதி வந்த அன்னிக்கு உங்கப்பா சாப்பிடலை. ஒரு வேளை. அவ்வளவுதான். மறுநாள் இட்ட சாப்பாட்டைச் சாப்பிட்டுட்டு வேலைக்குப் போயிட்டார்."

சின்னவளுக்கு ஞாபகம் வந்தது. இரவுச் சாப்பாட்டின்போது அப்பா தராசைப் போல நடித்துக் காட்டுவார். கற்பனைப் பலகை ஒன்றைத் தூக்கி, தள்ளாடி, "இளைச்சுப் போச்சு!" என்பார். அண்ணனும் அவளும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அம்மா அடுப்பைத் துடைத்துக்கொண்டிருப்பாள். அந்தக் கதையைத்தான் பெரியவளாகி ஊருக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

போனை வைத்துவிட்டுத் திரும்பினாள். தையல்கார அம்மா பின்னால் நின்றிருந்தார். எவ்வளவு கேட்டாரோ தெரியவில்லை.

"உங்க கதையை நேர்ல கேக்கணும்னுதான் வந்தேன்" என்றார்.

"எந்தக் கதைம்மா?"

"தராசு கதை. எங்க தெருவுல ஒரு பொண்ணு போன வருஷம் உங்க டூர்ல வந்துட்டு, பிளவுஸ் அளவு கொடுக்க வந்தப்போ எங்கிட்ட சொல்லிச் சிரிச்சா. இஞ்ச் டேப் என் கையில. அவளுக்குத் தெரியாது, அது எங்க வீட்டுக்காரர்னு."

சின்னவள் போனைப் பைக்குள் வைத்தாள்.

"குடிகாரன்னு எழுதி வேலையை விட்டு அனுப்பினாங்க" என்றார் அவர். குரலில் கோபம் இல்லை. துணிக்கு அளவு சொல்வதுபோலச் சொன்னார். "அதுக்கப்புறம்தான் குடிக்கக் கத்துக்கிட்டார். நாலு வருஷம். கடைசியில ரயில் பாதைக்குப் போயிட்டார். என்கிட்டகூடச் சொல்லிட்டே இருப்பார், 'என் கைக்குத் தெரியும், அது வேற பலகை'ன்னு. நான் நம்பலைம்மா. அதைத்தான் என்னால தாங்க முடியலை. நானும் நம்பலை."

"அம்மா, நான்..."

"யாரையும் ஜெயில்ல போடுங்கன்னு நான் கேக்கலை. உங்கப்பாவைப் போட்டா, எதுக்குப் போட்டாங்கன்னே அவருக்குத் தெரியாது. அவர் குடிக்கலைன்னு ஒரு வார்த்தை. எல்லார் முன்னாடியும். சிரிச்சாங்களே, அவங்க முன்னாடி."

"நாளைக்குச் சொல்றேன்" என்றாள் சின்னவள். சொல்லும்போதே அது எவ்வளவு கேவலமாக இருக்கிறது என்று தெரிந்தது.

தையல்கார அம்மா தலையை ஆட்டிக்கொண்டார். "நாளைக்கு" என்று திருப்பிச் சொன்னார்.

மூன்றாவது அருங்காட்சியகத்தில் என்ன பேசினாள் என்று கேட்டால் சின்னவளுக்குத் தெரியாது. வாய் தன்பாட்டுக்குப் பேசியது. திரும்பும் வழியில் அப்பாவிடம் மெல்லக் குனிந்து கேட்டாள்.

"அசல் பலகை எங்கப்பா? நகல் போடச் சொல்லி யார் கேட்டாங்க?"

அப்பாவின் கண்களில் ஏதோ ஒன்று கதவை அடைத்துக்கொண்டது. "டீ வந்துச்சா?" என்றார்.

பிறகு ஜன்னல் பக்கம் திரும்பியவர், அடுத்த இருக்கையில் இருந்தவரைப் புதிதாகப் பார்த்தார்.

"எந்த ஊரு?"

"இந்த ஊர்தான்."

"வீட்டுக்காரர் என்ன வேலை?"

"மியூசியத்துல. ஸ்டோர்ல இருந்தார்."

"அடடே!" அப்பாவின் முகம் மலர்ந்தது. "அப்போ தராசைத் தெரிஞ்சிருக்குமே?"

முன் இருக்கையில் சின்னவள் திரும்பாமல் உட்கார்ந்திருந்தாள்.

"தெரியும்" என்றார் தையல்கார அம்மா.

"நல்ல மனுஷன்" என்றார் அப்பா. "கை சுத்தம். பொய் பேசமாட்டான்."

அந்த அம்மா ஒரு பழைய சினிமா தியேட்டர் வாசலில் வேனை நிறுத்தச் சொல்லி இறங்கிக்கொண்டார். திரும்பிப் பார்க்காமல் நடந்தார்.

ஐந்தரை மணிக்கு வீட்டில் அப்பாவுக்கு முகம் கழுவிவிட்டு, ரொட்டியை டீயில் நனைத்து ஊட்டினாள் சின்னவள். வெயில் இன்னும் ஜன்னலில் இருந்தது. போன் கிணுகிணுத்தது. டூர் குழுவுக்காக அவளே ஆரம்பித்து வைத்த குரூப்.

டாக்டரின் மனைவி வீடியோ போட்டிருந்தாள். அறையில் அப்பா பேசுவது முழுசாக இருந்தது. சின்னவளின் தமாஷ் கதையும், சிரிப்பும், "அவன் குடிக்கலை" என்ற குரலும். கீழே எழுதியிருந்தாள்: "நம்ம செல்லத் தாத்தா. ஐந்நூறு வருஷ ஓவியத்தை இவர்தான் வரைஞ்சாராம்!" பக்கத்தில் நாலு சிரிப்புப் பொம்மைகள்.

மூத்த டீச்சர் ஒரு இதயம் அனுப்பியிருந்தார். நில அளவையர் கேட்டிருந்தார்: "இருந்தாலும் அந்த விரல் மட்டும் உதைக்குதே. மேடம்தான் சொல்லணும்."

யார் யார் பார்த்தார்கள் என்று காட்டும் இடத்தைச் சின்னவள் தொட்டுப் பார்த்தாள். தையல்கார அம்மாவும் பார்த்திருந்தார்.

போனில் அண்ணனின் பெயர் வந்தது. எடுத்தாள்.

"என்ன கூத்து இது? அந்த டாக்டர் நம்ம கடைக்கு வர்றவர். எனக்கும் அனுப்பியிருக்கார்" என்று சீறினான். "உடனே ஏதாவது எழுதி முடி. அப்பாவுக்குப் புத்தி பிசகிடுச்சு, உளர்றார்னு எழுது."

"அவர் உளறலைண்ணா. அம்மாகிட்டக் கேட்டேன்."

"உனக்கு கைடு லைசென்ஸ் வேணுமா வேண்டாமா? அம்மா ஆஸ்பத்திரியில கிடக்கறா. இந்த நேரத்துல உனக்கு நியாயம் பேசணுமா? இருபத்தேழு வருஷம் முன்னாடி செத்த ஒரு ஆளுக்காக?"

"அவர் பொண்டாட்டி இன்னிக்கு என் வேன்ல வந்தாங்க. நான் அவங்க முன்னாடியே அந்தக் கதையைச் சொன்னேன்."

"அதுக்கு?"

அவள் இணைப்பைத் துண்டித்தாள்.

அப்பா நாற்காலியில் அமர்ந்து, ரொட்டித் துண்டின் மேல் டீ படர்வதை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார். இந்த மனுஷனின் கையைப் பிடித்துக்கொண்டுதான் அவள் முதல் ஓவியத்தைப் பார்த்தாள். அவர் சொல்லித்தான் இந்தத் தொழிலுக்கு வந்தாள். நாளை முதல் அவளை எந்த அருங்காட்சியகமும் உள்ளே விடப்போவதில்லை. அப்பாவைப் போலீஸ் விட்டாலும் பத்திரிகைக்காரர்கள் விடமாட்டார்கள். அம்மா எழுந்து நடக்கக் கற்றுக்கொள்ளும்போது ஊர் முழுவதும் அவள் விரலைத்தான் பார்க்கும்.

எல்லாம் தெரிந்துதான் எழுதினாள். இரண்டு தடவை அழித்துவிட்டு மூன்றாவது தடவை எழுதினாள்.

"அப்பா சொன்னது உண்மை. அந்தப் பலகை அவர் வரைந்த நகல். அந்த விரல் என் அம்மாவுடையது. ஸ்டோர் கீப்பர் குடிக்கவில்லை. அவர் ஒருவர்தான் உண்மையைச் சொன்னார். பன்னிரண்டு வருடமாக நான் அவரைக் கேலி செய்து பிழைத்திருக்கிறேன். காலையில் நான் சொன்னது பொய்."

அனுப்பினாள்.

ஒவ்வொருவராகப் பார்த்தார்கள். டாக்டரின் மனைவி வீடியோவை அழித்தாள். அழித்து என்ன பயன், அது எங்கெங்கோ போயிருக்கும்.

இருபது நிமிடம் கழித்து வாசல் மணி அடித்தது. விட்டு விட்டு இல்லாமல் ஒரே அழுத்தாக அடித்தது.

அண்ணன். கடையைப் பாதியில் பூட்டிவிட்டு வந்திருக்கிறான். சட்டைக் கையில் மரத்தூள் ஒட்டியிருந்தது. திட்டப் போகிறான், கத்தப் போகிறான் என்று நினைத்து அவள் சுவரோரம் ஒதுங்கினாள்.

அவன் கத்தவில்லை. உள்ளே வந்து அப்பாவைப் பார்த்தான். அப்பா அவனை நிமிர்ந்து பார்த்து, மரியாதையாக, "எந்த ஊரு?" என்றார்.

அண்ணன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான்.

"உண்மையை எழுதிட்டே. சரி" என்றான். "அந்த அசல் பலகையை ராத்திரியோட ராத்திரியா இந்த வீட்டிலிருந்து தூக்கிட்டுப் போனது யாருன்னு தெரியுமா? ஒரு முனையில அப்பா."

சின்னவள் அவனையே பார்த்தாள்.

"இன்னொரு முனையில நான்."